மகன்கள் இருக்க மருமகனுக்கு அரியணையா? கிரேக்கப் புராண அரச வம்சங்கள் பற்றி ஒரு கேள்வி

#1 தேர்ச்சக்கரம்

ட்ராய் போர் பற்றிய ஹோமரின் காவியம் இலியட் வாசித்து முடித்த கையோடு வம்சாவளிகளை ஒரு பெரிய தாளில் வரைந்துகொண்டிருக்கிறேன். ஓர் இடத்தில் மாட்டிக்கொண்டேன். மெனெலாஸ் மைசீனி ராஜா அட்ரியஸின் மகன். அண்ணன் அகமெம்னோன் அப்பா ஊரிலேயே ஆள்கிறார், சரி. தம்பி எப்படி ஸ்பார்ட்டாவுக்கு ராஜா ஆனார்? ஹெலனைக் கட்டியதால் என்பது தெரியும். ஆனால் ஹெலனின் அப்பா டிண்டாரியஸ் வீட்டில் காஸ்டர், போலிடியூசஸ் என்று இரண்டு ஆண் பிள்ளைகள் இருந்தார்களே! அப்படிப்பட்ட வீட்டில் மருமகனுக்கு எப்படி அரியணை போகும்?

தாளை நிரப்பிக்கொண்டே போனால் இது ஒரு வீட்டோடு நிற்கவில்லை. பெலோப்ஸ் ஆசியாக் கரையிலிருந்து வந்தவர். பீசா நாட்டு ராஜா ஈனோமாஸின் மகள் ஹிப்போடமெயாவைத் தேர்ப்பந்தயத்தில் வென்று நாட்டையும் சேர்த்து எடுத்துக்கொள்கிறார். பெல்லரோஃபோன் கொரிந்துக்காரர், லிசியா ராஜா தன் மகளையும் கொடுத்து அரசில் பாதியையும் கொடுக்கிறார். டைடியஸ் காலிடோனிலிருந்து ஓடிவந்தவர். ஆர்கோஸில் அட்ராஸ்டஸின் மகளைக் கட்டுகிறார், அவர் மகன் டயோமெடஸ் ஆர்கோஸ் படைக்கே தலைவர். ஈடிபஸ் வெளியூர்க்காரர் என்று எல்லாரும் நினைத்தவர். ராணியைக் கட்டித் தீப்ஸுக்கு ராஜா.

இவர்களுடைய சொந்த ஊர்களில் என்ன குறை? பெண் வீட்டு மகன்களெல்லாம் எங்கே போனார்கள்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 கூழாங்கல்

ஸ்பார்ட்டாவுக்கு மட்டும் நேரடியான பதில் உண்டு. அந்த இரண்டு பேரும் உயிரோடு இல்லை.

காஸ்டரும் போலிடியூசஸும் மெசீனியாவைச் சேர்ந்த ஐடாஸ், லிங்கியஸ் என்ற பங்காளிகளோடு மோதினார்கள். மாட்டுத் தகராறு என்று ஒரு பாடம், பெண் தகராறு என்று இன்னொரு பாடம். காஸ்டர் செத்தார். போலிடியூசஸ் ஜீயஸின் பிள்ளை, சாவு இல்லாதவர். தம்பியை விட்டுப் பிரிய மாட்டேன் என்று அவர் மன்றாட, ஒரு நாள் உயிரும் ஒரு நாள் சாவுமாக இருவரும் பங்கிட்டுக்கொண்டார்கள். அதற்குப் பிறகுதான் டிண்டாரியஸ் மெனெலாஸை வரவழைத்து நாட்டை ஒப்படைத்தார் என்று அப்பல்லோடோரஸ் பெயரில் உள்ள பழைய புராணத் தொகுப்பில் தெளிவாகவே இருக்கிறது.

இலியட் மூன்றாம் காண்டத்தை மறுபடி பாருங்கள். ட்ராய் மதில் மேல் ஹெலன் நின்று, கீழே நிற்கும் கிரேக்கத் தலைவர்களை பிரியாமுக்கு ஒவ்வொருவராக அடையாளம் காட்டுகிறாள். கூட்டத்தில் தன் அண்ணன்மாரை மட்டும் காணோம். என்னால் வந்த அவமானத்துக்கு அஞ்சி வராமல் இருந்துவிட்டார்களோ என்று நினைக்கிறாள். அவர்கள் ஏற்கெனவே லாகடெமோன் (ஸ்பார்ட்டா நாடு) மண்ணுக்குள் இருக்கிறார்கள் என்பதை ஹோமர் நமக்கு மட்டும் சொல்கிறார். ஹெலனுக்குத் தெரியாது.

#3 தேர்ச்சக்கரம்

நன்றி. அந்த இடத்தை வேகமாகக் கடந்துவிட்டேன் போல. ஆனால் ஒரு வீட்டில் மகன்கள் செத்தார்கள் என்றால் தற்செயல். எல்லா வீட்டிலும் இதே கதை என்றால்?

இன்னொன்று. மைசீனி அட்ரியஸின் பரம்பரைச் சொத்தே இல்லையே. அது பெர்சியஸ் உண்டாக்கிய ஊர். பெர்சியஸ், அவர் மகன் ஸ்தெனலஸ், அவர் மகன் யூரிஸ்தியஸ் (ஹெராக்ளிஸை வேலை வாங்கியவர்). நடுவில் அட்ரியஸ் எங்கிருந்து நுழைந்தார்?

#4 பழைய ஏடு

தாய்மாமன் என்ற வழியில் நுழைந்தார். பெலோப்ஸின் மகள் ஒருத்தியை ஸ்தெனலஸ் கட்டினார். அவள் பிள்ளைதான் யூரிஸ்தியஸ். அட்ரியஸ் அவளுக்கு உடன்பிறந்தவர்.

இதைச் சாவகாசமாக விளக்குவது துசிடிடஸ். வரலாற்றாசிரியர் அல்லவா, இந்த வீட்டைப் பற்றிப் புராணம் சொல்லும் சாபம், தங்க ஆட்டுக்குட்டி எதுவும் அவருக்கு வேண்டாம். தம்பி கிரிசிப்பஸின் சாவு காரணமாக அப்பாவுக்குப் பயந்து ஓடிவந்த அட்ரியஸ் மைசீனியில் இருக்கிறார். யூரிஸ்தியஸ் ஹெராக்ளிஸின் பிள்ளைகளோடு சண்டைக்குப் போகும்போது, உறவுக்காரர் என்று நம்பி ஊரை மாமனிடம் விட்டுப் போகிறார். போனவர் அட்டிகாவில் கொல்லப்படுகிறார். அட்ரியஸ் ஊராரை ஏற்கெனவே கைக்குள் போட்டு வைத்திருந்தார், அவர்களுக்கும் ஹெராக்ளிஸ் பிள்ளைகள் மேல் பயம். முடிந்தது கதை. இடைக்காலப் பொறுப்பில் வந்தவர் நிரந்தரமாக உட்கார்ந்துவிட்டார்.

#5 நள்ளிரவு வாசகி

தேர்ச்சக்கரம் கேட்பது பழைய கேள்வி. 1861இல் பாகோஃபென் என்ற சுவிஸ் அறிஞர் தாயுரிமை பற்றி ஒரு பெரிய நூலே எழுதி, கிரேக்கப் புராணங்களுக்கு அடியில் பெண்வழிச் சமுதாயம் ஒன்று புதைந்து கிடக்கிறது என்றார். அவர் சொன்ன எல்லாவற்றையும் நான் ஏற்கவில்லை. ஆனால் அரசு மகள் வழியாக நகர்கிறது என்பதற்கு ஆதாரம் நிறைய.

ஸ்பார்ட்டாவிலேயே அடுத்த தலைமுறையைப் பாருங்கள். மெனெலாஸுக்கு நிகோஸ்ட்ராடஸ், மெகாபென்தஸ் என்று மகன்கள் உண்டு, அடிமைப்பெண்ணுக்குப் பிறந்தவர்கள். ஸ்பார்ட்டாக்காரர்கள் அவர்களை விட்டுவிட்டு அகமெம்னோனின் மகன் ஒரெஸ்டஸை ராஜாவாக ஏற்றார்கள் என்கிறார் பயண எழுத்தாளர் பௌசானியாஸ். அவர் சொல்லும் காரணத்தைக் கவனியுங்கள்: டிண்டாரியஸின் பேரன் என்பதால். அதாவது அகமெம்னோன் பிள்ளை என்பதைவிட, டிண்டாரியஸின் மகள் கிளைடெம்னெஸ்ட்ராவின் பிள்ளை என்பதே அங்கே எடுபட்டது. அதோடு விடாமல் ஹெலனின் மகள் ஹெர்மியோனியையும் ஒரெஸ்டஸ் கட்டிக்கொள்கிறார்.

மெனெலாஸ் விஷயத்தில் உச்சம் ஒடிசி நாலாம் காண்டத்தில் இருக்கிறது. நீ சாக மாட்டாய், எலிசியப் புல்வெளிக்கு அனுப்பப்படுவாய் என்று கடல் கிழவர் புரோட்டியஸ் அவரிடம் சொல்கிறார். காரணம் வீரமா, தர்மமா? இல்லை. ஹெலன் உன் மனைவி, அதனால் நீ ஜீயஸின் மருமகன் (ஹெலனும் உண்மையில் ஜீயஸுக்குப் பிறந்தவள்). மனிதர் சொர்க்கத்துக்குப் போனதுகூட மாமனார் கோட்டாவில்தான்!

#6 அரைப்பக்கம்

மாமனார் கோட்டா 😂 இதுக்காகவே இந்த இழையைத் தொடர்கிறேன்.

#7 பழைய ஏடு

நள்ளிரவு வாசகி, ஒரெஸ்டஸ் உதாரணம் அருமை. ஆனால் தாய்வழி என்றால் என்ன என்பதில் கொஞ்சம் கறாராக இருப்போம். மருமக்கத்தாயம் மாதிரி ஒரு முறையில் சொத்து மாமனிடமிருந்து சகோதரியின் மகனுக்குப் போகும். ஒரெஸ்டஸ் வேண்டுமானால் காஸ்டரின் சகோதரி மகன் என்று அதற்குள் அடங்குவார். மெனெலாஸ் அடங்க மாட்டார். அவர் சகோதரியின் கணவர். மைசீனியிலோ எல்லாமே தலைகீழ்: மருமகன் சொத்து மாமனுக்குப் போகிறது.

அப்பா மகன் என்று நேர்க்கோட்டில் போகும் வீடுகளும் குறைவில்லை. ட்ராயை எடுங்கள். இலியட் இருபதாம் காண்டத்தில் ஈனியாஸ் சண்டைக்கு நடுவே நின்று தன் வம்சத்தை ஒப்பிக்கிறார். டார்டனஸ், எரிக்தோனியஸ், ட்ரோஸ், ஐலஸ், லாவோமெடோன், பிரியாம். ஒரு மருமகன் கிடையாது. ஒடிசியஸின் தீவு இதாகாவிலும் அப்படித்தான். எங்கள் வீட்டில் தலைமுறைக்கு ஒரே ஒரு ஆண் பிள்ளை என்று ஒடிசியஸின் மகன் டெலிமாக்கஸே சொல்கிறான்: ஆர்கீசியஸ், லேர்டஸ், ஒடிசியஸ், பிறகு நான்.

#8 நள்ளிரவு வாசகி

இதாகாவை நீங்களே எடுத்தது நல்லதாயிற்று. அப்படியானால் ஒடிசியஸ் ஊரில் இல்லாதபோது அவர் மனைவி பெனலோபியைக் கட்ட 108 பேர் வந்து வீட்டு வாசலில் ஏன் உட்கார்ந்திருக்கிறார்கள்? ராணியைக் கட்டினால் ராஜா ஆகலாம் என்ற நம்பிக்கை இல்லாமலா ஆடுமாடுகளைத் தின்று தீர்த்தார்கள்?

#9 பழைய ஏடு

அந்த 108இல் இதாகாக்காரர்கள் 12 பேர்தான். டூலிக்கியம் என்ற வேறு தீவிலிருந்து மட்டும் 52 பேர். அவர்களுக்கு வேண்டியது பணக்கார வீட்டுப் பெண்.

அவர்களில் நாற்காலி மேல் கண் வைத்தவன் ஆன்டினோஸ். அவன் வாயாலேயே முதல் காண்டத்தில் சொல்கிறான்: அரசு உனக்குப் பிறப்புரிமை, ஆனால் ஜீயஸ் அதை உனக்குத் தராமல் போகட்டும் என்று டெலிமாக்கஸிடம். பிறகு 22ஆம் காண்டத்தில், ஊர் திரும்பிய ஒடிசியஸின் அம்பு பட்டு ஆன்டினோஸ் விழுந்ததும், உயிருக்குப் பயந்த இன்னொருவன் யூரிமாக்கஸ் ஒடிசியஸிடம் எல்லாவற்றையும் செத்தவன் தலையில் கட்டுகிறான். அவனுக்குக் கல்யாணம் பெரிசில்லை, உன் மகனைக் கொன்றுவிட்டு இதாகாவுக்கு ராஜா ஆவதுதான் திட்டம் என்கிறான். கல்யாணம் மட்டும் போதும் என்றால் மகனைக் கொல்லத் திட்டம் எதற்கு? உரிமை மகனுக்குத்தான் என்பது அவனுக்கு நன்றாகத் தெரியும்.

மருமகன்கள் ஏன் இத்தனை பேர் என்பதற்கு என் பதில் எளிது. கொலை. கொன்றவன் ஊரில் இருக்க முடியாது. செத்தவனின் உறவினர் பழிவாங்குவார்கள், தீட்டு ஒட்டிக்கொள்ளும். ஓட வேண்டும். போன ஊர் ராஜா அவனைச் சுத்திகரித்து வீட்டில் சேர்ப்பார், மகளைக் கொடுப்பார். பீலியஸைப் பாருங்கள். ஈஜினா ராஜா ஏயகஸின் மகன். அவரும் டெலமோனும் சேர்ந்து மாற்றாந்தாய் மகன் ஃபோகஸைக் கொன்றார்கள். அப்பா இருவரையும் விரட்டினார். டெலமோன் எதிர்க்கரையில் சலமிஸுக்குப் போய் ஆண் வாரிசு இல்லாத ராஜாவின் இடத்தைப் பிடித்தார். பீலியஸ் ஃப்தியாவுக்குப் போனார். அங்கே யூரிடியோன் சுத்திகரித்து, மகளைக் கொடுத்து, நாட்டில் மூன்றில் ஒரு பங்கும் கொடுத்தார். நன்றிக்கடனாக பீலியஸ் என்ன செய்தார்? காலிடோன் பன்றி வேட்டையில் ஈட்டி குறி தவறி அதே மாமனாரைக் கொன்றார். மறுபடி ஓட்டம், மறுபடி வேறு ஊரில் சுத்திகரிப்பு.

இப்படி மூன்று தலைமுறைக்குள் ஈஜினாவில் ஏயகஸுக்கு வாரிசே இல்லை. பேரன்கள் அக்கிலீஸ் வடக்கே, அஜாக்ஸ் சலமிஸில். இன்னொரு பேரன் ட்யூசரை டெலமோன் துரத்த, அவர் சைப்ரஸ் போய் அங்கே ஒரு சலமிஸை உண்டாக்கினார்.

#10 அரைப்பக்கம்

தேர்ச்சக்கரம் தன் தாளில் டயோமெடஸ் கிளையை வரைந்துவிட்டாரா? ஜாக்கிரதை. அவர் அப்பா டைடியஸ் கட்டியது அட்ராஸ்டஸின் மகள் டெயிபிலியை. இவர் கட்டியது ஈஜியாலியாவை. இலியட் ஐந்தாம் காண்டப்படி அவளும் அட்ராஸ்டஸ் மகள். அதாவது சித்தி. இது உறுத்தியதாலோ என்னவோ, பிற்காலத்தில் சிலர் அவளை அட்ராஸ்டஸின் பேத்தி ஆக்கிவிட்டார்கள்.

#11 நள்ளிரவு வாசகி

சித்தியோடு நின்றதே, தீப்ஸுக்குப் போகலாமா?

ஈடிபஸ் பற்றி இந்த இழையின் கோணத்திலிருந்து ஒன்று தோன்றுகிறது. மற்ற மருமகன்கள் பெற்ற அதே ஒப்பந்தம்தான் அவருக்கும்: அரக்கியை ஒழித்தவனுக்குப் பெண்ணும் நாடும். பெல்லரோஃபோன் கிமேராவைக் கொன்றார், ஈடிபஸ் ஸ்பிங்ஸின் விடுகதையை அவிழ்த்தார். ஊர் பார்வையில் அவர் வெளியிலிருந்து வந்து கல்யாணத்தால் ராஜா ஆனவர். முந்தைய ராஜா லாயஸைக் கொன்றது யார் என்ற விசாரணை முடியும்போதுதான் தெரிகிறது, அவர் கேட்மஸ், பாலிடோரஸ், லாப்டகஸ், லாயஸ் என்று வரும் நேர்வாரிசு. கட்டாமலே அந்த நாற்காலி அவருடையது. நியாயமான வாரிசு என்று நிரூபணமாகும் அதே நொடியில் அந்த நாற்காலியில் உட்காரத் தகுதி போய்விடுகிறது. சோஃபோக்ளிஸ் நாடகத்தில் எனக்கு மிகவும் கொடூரமாகப் படுவது இதுதான்.

ஒடிசி 11ஆம் காண்டத்தில் கதை வேறு. அவர் கட்டிய அம்மா தூக்குப் போட்டுக்கொள்கிறாள். ஈடிபஸ் துன்பத்தோடு தீப்ஸை ஆண்டுகொண்டே இருக்கிறார். கண்ணைக் குத்திக்கொள்வதாகப் பேச்சே இல்லை.

#12 கடலோரம்

நல்ல இழை, தாமதமாகத்தான் பார்த்தேன். இரண்டு கட்சிக்கும் இடையில் ஒரு வார்த்தை.

நீங்கள் எல்லாரும் இந்த வம்சாவளிகளை ஏதோ ஒரு காலத்தில் உண்மையாக நடந்த குடும்ப வழக்கத்தின் பதிவாக எடுத்துக்கொண்டு பேசுகிறீர்கள். எனக்கு அப்படிப் படவில்லை. இவை பிற்காலத்து ஊர்கள் தங்கள் தேவைக்கு இழுத்து ஒட்டிய கோடுகள். இரண்டு ஊரின் பழைய ராஜாக் கதைகளை ஒன்றாக்க வேண்டும் என்றால் இருக்கும் சுலபமான பசை கல்யாணம். அதனால்தான் எங்கே பார்த்தாலும் மருமகன்.

அகமெம்னோன் வீட்டு முகவரியையே பாருங்கள், நின்ற இடத்தில் நிற்காது. ஹோமரில் மைசீனி. கி.மு. 6, 5ஆம் நூற்றாண்டில் ஸ்பார்ட்டா பக்கத்துப் பாடல்களில் அவர் ஸ்பார்ட்டாக்காரர். கவிஞர் பிண்டார் அவர் கொல்லப்பட்ட இடமாக ஸ்பார்ட்டாவை அடுத்த அமிக்ளேயையே சொல்கிறார். கி.மு. 468 வாக்கில் ஆர்கோஸ் மைசீனியை அழித்தது. சில ஆண்டுகளில் ஏதென்ஸும் ஆர்கோஸும் கூட்டணி. கி.மு. 458இல் ஈஸ்கிலஸ் ஏதென்ஸில் அரங்கேற்றிய மூன்று நாடகங்களில் அகமெம்னோன் அரண்மனை ஆர்கோஸில் இருக்கிறது! மைசீனி என்ற பேச்சே இல்லை. கடைசி நாடகத்தில் ஒரெஸ்டஸ் ஏதென்ஸுக்கு நன்றி சொல்லி, ஆர்கோஸ் என்றும் உங்களோடு இருக்கும் என்று சத்தியம் வேறு செய்துவிட்டுப் போகிறான்.

ஸ்பார்ட்டாவுக்கு இந்தக் கோடு ஏன் அவ்வளவு அவசியம்? அவர்களுடைய ராஜாக்கள் ஹெராக்ளிஸ் வழி, வடக்கேயிருந்து வந்து மண்ணைப் பிடித்தவர்கள். பிடித்த மண்ணின் பழைய சொந்தக்காரர்கள் பெலோப்ஸ் வழி. ஆகவே பழைய வம்சத்தையும் தங்கள் பக்கம் சேர்த்தாக வேண்டும். கி.மு. 6ஆம் நூற்றாண்டின் நடுவில் டெகியா என்ற ஊரோடு தொடர்ந்து தோற்றுக்கொண்டிருந்தபோது, ஒரெஸ்டஸின் எலும்பைக் கொண்டுவாருங்கள் என்று டெல்ஃபி வாக்கு வந்தது. ஹெரடோட்டஸ் இதை ரசித்துச் சொல்கிறார். லிகாஸ் என்ற ஸ்பார்ட்டாக்காரர் டெகியாவில் ஒரு கொல்லன் பட்டறையில் இரும்படிப்பதை வேடிக்கை பார்த்துக்கொண்டு நிற்கிறார். கொல்லன் பேச்சுவாக்கில், முற்றத்தில் கிணறு தோண்டினேன், ஏழு முழச் சவப்பெட்டி வந்தது, திறந்தால் பிணமும் அதே நீளம், அளந்து பார்த்துவிட்டுத் திரும்பப் புதைத்தேன் என்கிறான். டெல்ஃபி வாக்கில் இரண்டு காற்று, அடிக்கு எதிரடி, துன்பத்தின் மேல் துன்பம் என்று ஒரு புதிர் இருந்தது. லிகாஸ் பட்டறையைச் சுற்றிப் பார்க்கிறார்: இரண்டு துருத்தி, சம்மட்டியும் பட்டடையும், அடிபடும் இரும்பு. ஊரில் விரட்டப்பட்டவர் போல நடித்து, கொல்லனிடம் அந்த முற்றத்தை வாடகைக்குப் பேசி, தோண்டி எடுத்துக்கொண்டு ஸ்பார்ட்டாவுக்கு நடையைக் கட்டினார். அதிலிருந்து ஸ்பார்ட்டாதான் ஜெயித்தது என்கிறார் ஹெரடோட்டஸ்.

இந்த எலும்புக்கு வெளியூரிலும் மதிப்பு இருந்தது. பாரசீகப் படையெடுப்பின்போது சிரக்கூஸ் கொடுங்கோலன் கெலோன், உதவிக்கு வருகிறேன், ஆனால் தலைமை எனக்கு என்றான். பெலோப்ஸ் வழி அகமெம்னோன் இதைக் கேட்டால் அலறுவாரே என்று ஸ்பார்ட்டா தூதர் பதில் சொன்னார். கி.மு. 481 வாக்கில், படைத்தலைமை யாருக்கு என்ற பேச்சுவார்த்தையில், இதுதான் வாதம்!

மாசிடோனியாவும் இதே வழிதான். முதலாம் அலெக்சாண்டர் ஒலிம்பியாவில் ஓட வந்தபோது நீ கிரேக்கன் இல்லை என்று தடுத்தார்கள். எங்கள் வம்சம் ஹெராக்ளிஸ் வழிவந்த ஆர்கோஸ் ராஜா டெமெனஸ் வழி என்று காட்டியபிறகுதான் ஓட விட்டார்கள்.

#13 தேர்ச்சக்கரம்

அப்போது அட்ரியஸ், தையெஸ்டஸ் பகையும் பின்னால் ஒட்டியதா? அண்ணன் தம்பிக்கு அவன் பிள்ளைகளையே சமைத்துப் போட்ட விருந்து?

#14 கடலோரம்

பின்னால் ஒட்டியது என்று அடித்துச் சொல்ல முடியாது. ஹோமர் தெரிந்தும் பேசாமல் விட்டிருக்கலாம். ஆனால் இலியட் இரண்டாம் காண்டத்தில் அகமெம்னோன் எழுந்து நிற்கும்போது கையில் இருக்கும் செங்கோலின் கதையைப் பாருங்கள். ஹெஃபைஸ்டஸ் செய்தது. அவர் ஜீயஸுக்குக் கொடுத்தார், ஜீயஸ் ஹெர்மிஸுக்கு, ஹெர்மிஸ் பெலோப்ஸுக்கு, பெலோப்ஸ் அட்ரியஸுக்கு. அட்ரியஸ் சாகும்போது ஆட்டு மந்தை மிகுந்த தையெஸ்டஸுக்கு விட்டுப்போனார், தையெஸ்டஸ் அகமெம்னோனுக்கு விட்டுப்போனார். வில்லங்கச் சான்றிதழ் வாசிப்பது போல அவ்வளவு சுத்தம். விருந்தும் இல்லை, சாபமும் இல்லை. சித்தப்பா தன் மகன் ஈஜிஸ்தஸை விட்டுவிட்டு அண்ணன் மகனுக்கு ஏன் கொடுத்தார் என்று மட்டும் யாரும் கேட்கக் கூடாது.

பெலோப்ஸ் விருந்துக்கும் இதே கதிதான். டான்டலஸ் மகனை வெட்டித் தேவர்களுக்குச் சமைத்தான், டிமீட்டர் தெரியாமல் ஒரு தோளைத் தின்றுவிட்டாள், தந்தத்தில் தோள் செய்து மாட்டினார்கள் என்பது ஊர் அறிந்த கதை. கி.மு. 476இல் சிரக்கூஸ் ஹையரோனின் குதிரை வெற்றிக்குப் பாடிய பிண்டார் அதைச் சொல்ல மறுக்கிறார். பொசைடன் ஆசைப்பட்டுப் பையனைத் தூக்கிப்போனார், அவனைக் காணாத பொறாமைக்கார அக்கம்பக்கத்தார் கட்டிவிட்ட வம்பு அது என்கிறார். ஒலிம்பியாவில் பெலோப்ஸுக்குப் பலி கொடுக்கிற இடத்தில், ஓர் அரசனின் வெற்றிப் பாட்டில், அவரைக் கறியாக்கிக் காட்ட முடியுமா!

#15 அரைப்பக்கம்

எல்லாம் சரி. ஆள் இருந்தாரா இல்லையா? அகழ்வாராய்ச்சி செய்த ஷ்லீமன் தங்க முகமூடி எடுத்தாரே.

#16 கூழாங்கல்

எடுத்தது 1876இல், மைசீனியின் குழிக்கல்லறைகளில். முகமூடி கி.மு. 16ஆம் நூற்றாண்டு. ட்ராய் விழுந்ததாகக் கிரேக்கர்களே கணக்கிட்ட ஆண்டு கி.மு. 1184. முன்னூறு ஆண்டுக்கு மேல் இடைவெளி. அகமெம்னோன் முகமூடி என்ற பெயர் மட்டும் அருங்காட்சியகத்தில் ஒட்டிக்கொண்டது. அட்ரியஸின் கருவூலம் என்பதும் கருவூலம் இல்லை, கல்லறை. வாசல் மேல் கிடக்கும் கல் ஒன்றே சுமார் 120 டன்.

1952இல் வென்ட்ரிஸ், மைசீனிக் காலத்து எழுத்தான லீனியர் பியை வாசித்தபோது பெரிய எதிர்பார்ப்பு இருந்தது. கிடைத்தது கணக்கு ஏடு. எத்தனை ஆடு, எவ்வளவு எண்ணெய், யாருக்கு எவ்வளவு நிலம். ராஜா என்ற பதவி வருகிறது, வம்சாவளி வரவில்லை. அக்கிலீஸ், ஹெக்டர் போன்ற பெயர்கள் உண்டு, ஆனால் காவிய நாயகர்களாக இல்லை, சாதாரண ஆட்களாக.

#17 பழைய ஏடு

கடலோரம் சொன்ன செங்கோலுக்கு ஒரு பின்கதை உண்டு. பௌசானியாஸ் கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கெரோனியாவுக்குப் போனபோது அங்கே அதைச் சாமியாகக் கும்பிட்டுக்கொண்டிருந்தார்கள். ஈட்டி என்பது ஊரார் வைத்த பெயர். ஃபோகிஸ் எல்லையில் தங்கத்தோடு சேர்ந்து கிடைத்ததாம். தங்கத்தை ஃபோகிஸ்காரர்களுக்கு விட்டுவிட்டு இவர்கள் கோலை மட்டும் மகிழ்ச்சியோடு எடுத்துக்கொண்டார்களாம். அதற்குக் கோயில் கிடையாது. ஆண்டுக்கு ஒரு பூசாரி, அந்த ஆண்டு அவர் வீட்டில் இருக்கும். தினமும் பலி, பக்கத்தில் ஒரு மேசை நிறையக் கறியும் பணியாரமும். ஃபோகிஸுக்கு அதைக் கொண்டுவந்தது அகமெம்னோன் மகள் எலெக்ட்ரா என்று பௌசானியாஸ் நம்புகிறார். அவள் புகுந்த வீடு அதுதானே, கணவன் பைலடிஸின் ஊர். இதிலும் மகள் வழிதான் என்று நள்ளிரவு வாசகி பிடித்துக்கொள்வார்.

#18 நள்ளிரவு வாசகி

பிடித்துக்கொண்டேன் 🙂 கூடவே இலியட் ஒன்பதாம் காண்டம். அக்கிலீஸைச் சமாதானப்படுத்த அகமெம்னோன் மகளையும் தருகிறேன், பைலோஸ் பக்கம் ஏழு ஊரும் தருகிறேன் என்கிறார். மகன் ஒரெஸ்டஸ் வீட்டில் வளர்கிறான், அதையும் அதே மூச்சில் சொல்கிறார். மகன் இருக்கும்போதே நிலம் மகளோடு கிளம்புகிறது. கடலோரம் சொல்லும் பசை இதற்கு எப்படிப் பொருந்தும் என்று பார்க்க ஆசை.

#19 கடலோரம்

அந்த ஏழு ஊரும் அகமெம்னோனுக்கு எப்படிச் சொந்தம் என்பதிலிருந்தே தகராறு. இரண்டாம் காண்டத்துப் படைப்பட்டியலில் அவர் நாட்டுக்குள் அவை வரவில்லை. தன்னுடையது அல்லாததை வரதட்சணையாக நீட்டுகிறாரோ என்னவோ. அக்கிலீஸ் வேண்டாம் என்று சொல்லிவிட்டார், அதனால் யாரும் பத்திரம் கேட்கவில்லை.

#20 தேர்ச்சக்கரம்

என் தாளில் கடைசி வரி மட்டும் பாக்கி. ஒரெஸ்டஸுக்கும் ஹெர்மியோனிக்கும் டிசமெனஸ் என்று மகன். அவருக்கு அப்புறம்?

#21 கடலோரம்

அவரோடு பெலோப்ஸ் வழி தெற்கில் முடிகிறது. ஹெராக்ளிஸ் வழியினர் வந்து ஆர்கோஸ், மெசீனியா, ஸ்பார்ட்டா என்று மூன்றாகப் பங்கிட்டுக்கொண்டார்கள். டிசமெனஸ் அந்தச் சண்டையில் செத்தார் என்று ஒரு பாடம். தன் மக்களோடு வடகரைக்கு ஒதுங்கி அங்கே அயோனியரோடு நடந்த சண்டையில் செத்தார் என்று பௌசானியாஸ். ஹெலிகே ஊரில் புதைத்தார்கள். பிறகு டெல்ஃபி வாக்குப்படி ஸ்பார்ட்டாக்காரர்கள் வந்து அவர் எலும்பையும் எடுத்துப் போனார்கள். பௌசானியாஸ் காலத்திலும் அந்தச் சமாதி ஸ்பார்ட்டாவில் பொதுப்பந்தி நடக்கும் இடத்தில் இருந்தது. ஹெலிகேதான் கி.மு. 373இல் நிலநடுக்கத்தில் கடலுக்குள் போய்விட்டது.